இடுப்பில் கயிறு கட்டிய ஏழு

மஞ்சள் உறையின் மேல்
தபால்காரர் கையால் எழுதிய தேதி.
பதினேழு என்று வாசித்தேன்.
அது பதினொன்று.

இந்த நாட்டு ஒன்றுக்கு
முன்னால் நீளமாய் ஒரு தும்பிக்கை.
ஏழுக்கோ இடுப்பில் ஒரு கயிறு.
பதினாறு வருஷம் வூப்பர்டாலில் இருக்கிறேன்,
விலைச்சீட்டில் தினமும் பார்க்கிறேன்,
அன்றைக்கென்று
கண் பழைய கண்ணாகிவிட்டது.

உள்ளே வரிக் கந்தோரின் கணக்கு:
மூன்று வருஷம் நான் வாங்கிய மா மூட்டைகள்,
ஒரு மூட்டைக்கு இத்தனை ரொட்டி,
ஒரு ரொட்டிக்கு இத்தனை யூரோ.
கருகியதை அவர்கள் எண்ணவில்லை.
கடை பூட்டும் நேரத்தில் வந்த மாணவர்களுக்குச்
சும்மா கொத்திக் கொடுத்ததையும்.
பிழை முழுக்க அவர்களுடையது என்றும் சொல்லமாட்டேன்.
கல்லா இயந்திரம் கெட்டுக் கிடந்த ஐந்து மாதம்
ஒரு பிஸ்கட் டின்தான் எனக்குக் கல்லா.

மறுப்பு எழுத ஒரு மாதத் தவணை.
என் பதினேழை நம்பிப்
பதினைந்தாம் தேதி ஆறுதலாய்ப் போட்டேன்.
நாலு நாள் பிந்திவிட்டது என்றார்கள்.
தவணை கடந்தால்
பிழையான கணக்கும் தயிராய் உறைந்துவிடுமாம்,
பிறகு யாரும் அதைப் பாலாக்க முடியாதாம்.

மே மாதம்
மொத்தக்கடையில் என் வங்கி அட்டை வேலை செய்யவில்லை.
வெங்காய மூட்டைகளைத் திரும்பக் கொண்டுபோய் அடுக்கினேன்.
வரிசையில் பின்னால் நின்றவர்
ஒரு மூட்டை தூக்கித் தந்தார்.
அதைத்தான் தாங்க முடியவில்லை.

வழக்கறிஞர் லூடன்பாக் அம்மையார்
இரண்டு விண்ணப்பம் எழுதினார்:
பிந்தியதைப் பிந்தாததாய்க் கொள்ளும்படி ஒன்று,
அதுவரை என் கணக்கில் கை வைக்காதிருக்கும்படி மற்றது.
'முதல் ஒன்றை மட்டும் எப்படிச் சரியாக வாசித்தீர்கள்?'
என்று என்னிடம் கேட்டார்.
அது நிமிர்ந்து நின்றது, அம்மா.
இரண்டாவது ஓடிக்கொண்டிருந்தது.

கந்தோர் பதில் போட்டது:
பதினேழாம் தேதி ஞாயிற்றுக்கிழமை.
ஞாயிறு தபால் வராது.
இது எவருக்கும் தெரியும்.

எனக்கும் தெரியும்.
ஆனால் கொத்துரொட்டிக் கடையில்
ஞாயிறுக்கும் செவ்வாய்க்கும்
அதே சட்டை, அதே எண்ணெய்.

டுசல்டோர்ஃப் வரி நீதிமன்றம்
மூன்று பக்கத்தில் சொன்னது:
ரொட்டிக் கணக்கில் சந்தேகம் இருக்கிறது.
ஏழிலும் கொஞ்சம் இருக்கிறது.
தீரும்வரை அறவிடல் நிற்கட்டும்.

நிற்கட்டும் என்றால் நீங்கட்டும் என்றல்ல.
தோற்றால் மாதத்துக்கு அரை வீதம் வட்டியும் ஏறும்.
தொங்கு ரயிலில் கடைக்குத் திரும்பினேன்.
மேலே ஒற்றைத் தண்டவாளம்,
கீழே வூப்பர் ஆறு,
நடுவில் பச்சைமிளகாய்ப் பையோடு நான்.
பெட்டி வளைவில் ஆடியது.
பழகியவர்கள் தலை நிமிர்த்தவே இல்லை.

இரவு புதுக் கணக்குக் கொப்பியில்
முதல் தேதி எழுதினேன்: இருபத்தேழு, ஆறு.
பேனையை மூடி, திரும்பத் திறந்து,
ஏழின் இடுப்பில் கயிறு கட்டினேன்.
கை நடுங்கிற்று.
கோடு இழுபட்டு
பக்கத்துக் கட்டத்துக்குள்,
வரவு என்று எழுதியிருந்த இடத்துக்குள் போய்விட்டது.