பன்னிரண்டரை

ஜூலை வந்தால் எனக்குத் தூக்கம் போய்விடும்.
நிரந்தரச் செவிலியர்கள் பெட்டி கட்டி ஊருக்குப் பறந்தபின்
வடக்கு எமிரேட்டுகளின் வார்டுகளில் விழும் ஓட்டைகளை
ஷார்ஜா ரோலாவில் ஒரு நாலாம் மாடியில் உட்கார்ந்து
அடைத்துக்கொண்டிருப்பவள் நான்.

பச்சைச் சதுரம் என்றால் ஆள் போயாயிற்று.
மஞ்சள் என்றால் யோசிக்கிறாள்.
சிவப்பு என்றால்
முதலாளி என் மேசைப் பக்கமாக இருமிக்கொண்டே நடப்பார்.
அடுத்த மாதம் ஆப் வருகிறதாம்,
சதுரம் தானாகவே நிறம் மாறுமாம்.

வியாழன் மாலை ஐந்துக்கு ராஸ் அல் கைமா.
தீவிர சிகிச்சைப் பிரிவு, இரவு, ஒரு ஆள்,
வென்டிலேட்டர் தெரிந்திருக்க வேண்டும்.
மணிக்கு எண்பத்தைந்து திர்ஹாம் அவர்கள் தருவது.
முப்பத்திரண்டு அவளுக்குப் போவது.
நடுவில் நிற்கும் ஐம்பத்து மூன்றில்
என் சம்பளமும் இருக்கிறது,
அதனால் அதைப் பற்றி நான் சத்தமாகப் பேசுவதில்லை.

லோர்னாவின் சான்றிதழ்கள் சரிபார்ப்பில், ஐந்தாவது வாரம்.
ஷைனி குவைத்துக்குத் தாவிவிட்டாள்.
குணவதிக்கு ஆறாம் மாதம்:
எனக்குத் தெரியும், தாளுக்குத் தெரியாது.
மீதி ஹெப்சிபா.
நேற்றிரவு அஜ்மானில் முடித்து
காலை ஒன்பதுக்குத்தான் படுத்திருப்பாள்.

"லேசான வார்டுதாம்மா" என்றேன்.
நானும் பதினோரு வருஷம் வெள்ளைச் செருப்பு போட்டவள்,
முதுகெலும்புத் தட்டு நழுவி இந்த நாற்காலிக்கு வந்தவள்.
வென்டிலேட்டர் என்று எழுதிய தாளில்
லேசு என்ற சொல் ஒட்டாது.
அவளுக்கும் தெரியும்.
"வண்டி எத்தன மணிக்கு அக்கா?" என்றாள்.

ஜன்னலில் தலை முட்ட முட்டத் தூங்கினாளாம்,
ஏசியைக் குறைத்துவிட்டேன் என்றார் யூனுஸ் பாய்.
சதுரம் பச்சையானது.
அன்று நான் தூங்கினேன்.

வெள்ளி பகல் நேரத்தாள் வந்தது.
அவள் எழுதியிருந்தது பன்னிரண்டரை.
அடித்துவிட்டுப் பக்கத்தில் பன்னிரண்டு.
பணி ஒப்படைப்பு கட்டணத்தில் சேராது
என்று ஒரு முத்திரை.

என்ன அரை மணி நேரம் என்று கேட்டேன்.
தூக்கத்துக்குள்ளிருந்து பேசினாள்.
"ஏழாம் பெட்டு அக்கா. பலூச்சி மனுசன்.
டியூப் எடுத்தாச்சு, கேட்டா பதிலே இல்ல.
குழப்பம் குழப்பம்னு மூணு நாளா எழுதி வச்சிருக்கு.
ஒரு குழப்பமும் இல்ல, இடது காது கேக்காது, அவ்வளவுதான்.
காலையில வந்த பிள்ள வேற ஏஜென்சி,
பாத்ரூம் எங்கனு எங்கிட்ட கேக்குது.
சொல்லிக் குடுக்காம எப்பிடி வாறது?"

அரை மணிக்குப் பதினாறு திர்ஹாம்.
"பதினாறுக்கு ஒரு மின்னஞ்சலா?" என்றார் முதலாளி.

இரவுக்கு மறுபடி அதே வார்டு, அதே சிவப்பு.
கிடைத்தவள் மெர்லி, நாட்டுக்கு வந்து இருபது நாள்.
குறிப்பு என்றொரு பத்தி உண்டு எங்கள் தாளில்,
வாகனம் தேவை என்பதைத் தவிர எதுவும் எழுதியதில்லை.
அதில் தட்டினேன்:
படுக்கை ஏழு, இடது காது கேட்காது,
வலப்பக்கம் நின்று பேசவும்.

நோயாளி விவரம் நம் தாளில் வரக்கூடாது என்றார்.
சரிதான், விதி அப்படித்தான்,
நானே புதியவர்களுக்கு அதைப் படித்துக் காட்டுகிறவள்.
அழித்தேன்.

பிறகு மாடிப்படித் திருப்பத்தில் நின்று
சொந்த போனிலிருந்து மெர்லியைக் கூப்பிட்டேன்.
மணி அடித்து அடித்து நின்றது. தூங்கியிருப்பாள்.
யூனுஸ் பாய்தான் எடுத்தார்,
எனக்குத் தெரிந்த அரைகுறை இந்தியில் சொன்னேன்.
"ஏழு, இடது. ஏழு, இடது" என்று
இரண்டு தரம் தனக்கே சொல்லிப் பார்த்துக்கொண்டார்,
யாரையோ கொண்டு இறக்க வேண்டிய
வீட்டு விலாசம்போல.