கட்டம் போதவில்லை

யூமாவில் லெட்டூஸ் வெட்டப் போன முதல் நாள்
மேஜைக்குப் பின்னால் இருந்தவள்
பெயர் எழுதப் பதினெட்டுக் கட்டம் கொடுத்தாள்.
நெமேசியோ, ஒரு இடைவெளி, பாரியெந்தோஸ்.
தீர்ந்துவிட்டது.
கெசாதா வெளியிலேயே நின்றுவிட்டது.

கெசாதா அம்மாவின் பெயர்.
எங்களில் அப்பா பெயருக்குப் பின்னால்
அம்மாவும் வருவாள், சாகும்வரை.
"அடுத்த ஆள்" என்றாள் மேஜைக்காரி.
நானும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.
கத்தி கூராக இருக்குமா என்பதுதான் அன்றைய கவலை.

இருபத்திரண்டு வருஷம்
அந்தப் பெயருக்குச் சம்பளம் வந்தது,
அந்தப் பெயருக்கு அபராதம் வந்தது,
முதுகுவலி மட்டும் எனக்கு வந்தது.

பிப்ரவரியில் அம்மா போய்விட்டாள்.
ஆகுவா பிரியெத்தாவில்,
எல்லை இரும்புக்குத் தெற்கே பன்னிரண்டு தெரு தள்ளி.
போனால் திரும்ப முடியாது.
போகவில்லை.
இதற்கு மேல் இதை எழுத எனக்கு வராது.

வீட்டில் பாதியை என் பேரில் எழுதியிருந்தாள்,
முழுப் பேரில்.
பத்திர ஆபீஸில் கேட்டார்களாம்:
கெசாதா இல்லாத இவன் யார்?
இவனும் அவனும் ஒரே ஆள் என்று
சாட்சி சொல்ல யாராவது உண்டா?

தங்கை ஒப்துலியா
பேக்கரியில் அரைநாள் லீவு போட்டுப் போனாள்.
எப்படித் தெரியும் என்றார் நீதிபதி.
"பொய் சொல்லும் முன்னால் சிரிப்பான்.
சர்க்கரை ரொட்டியின் மேலோட்டை மட்டும் தின்றுவிட்டு
மிச்சத்தை என் தட்டில் வைப்பான்.
மாசம் ஒண்ணாம் தேதி பணம் வரும்.
ரசீதில் அம்மா பெயர் இருக்காது,
பணம் அம்மாவுக்குத்தான்."

தட்டச்சுக்காரர் எழுதாமல் நிமிர்ந்து பார்த்தாராம்.
மச்சம், வடு ஏதாவது இருந்தால் சொல்லம்மா என்றாராம்.

இடது முழங்கால், முள்கம்பி, எட்டு வயது.
ஆட்டைத் துரத்தும்போது கிழித்தது என்று சொல்லியிருக்கிறாள்.
இல்லை. அவள் பந்தை எடுக்க நான் வேலி ஏறியது.
அவளுக்கு மறந்துபோயிற்று.
போனில் நான் திருத்தவில்லை.

நேற்றுத் தபாலில் வந்தது தீர்ப்பு.
இருவரும் ஒருவரே.
கீழே நீல மையில் முத்திரை,
கொஞ்சம் கோணலாக.

இன்று விடிகாலை நாலு மணி,
பஸ்ஸின் படியில் நின்று
பட்டியலை வாசித்தார் மேஸ்திரி.
பாரியெந்தோஸ்!

உடனே கை தூக்கவில்லை.
ஒரு நொடி பொறுத்துப் பார்த்தேன்,
வரிசையில் இன்னொருவனும்
திரும்புகிறானா என்று.