ஒரு நாள், ஓர் ஆள்

முந்நூற்று நாற்பது வெள்ளி. எட்டு மணி நேரம்.
மாண்டரின் பேசும் வழிகாட்டி வேண்டும் என்று
எழுதியிருந்தார்.
வந்து நின்றது நான்.

பென்கூலன் தெரு விடுதி வாசலில்
லுவோ என் தோளைத் தாண்டிப் பார்த்தார்,
பின்னால் யாரோ வந்துகொண்டிருப்பதுபோல.
எனக்கு இது பழக்கம்.
தொனி பிசகாமல் காலை வணக்கம் சொன்னேன்.
மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து
மாட்டிக்கொண்டு
இன்னொரு தடவை சொல்லச் சொன்னார்.

சிங்கமீன் சிலை வேண்டாமாம்.
பூந்தோட்டம், கண்ணாடிக் குடை, அதுவும் வேண்டாம்.
சோங்சிங்கில் முப்பத்தாறு வருடம்
மின்தூக்கி பழுதுபார்த்தவர்.
"ஜனங்கள் ஏறுகிற மின்தூக்கியாகக் காட்டு."

என் கோப்பில் அதற்குப் பக்கம் கிடையாது.
தோ பாயோவுக்குக் கூட்டிப்போனேன்.

பொத்தானை அமுக்கிவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டார்.
மேலே போனோம். கீழே வந்தோம்.
மேலே போனோம்.
"நாலாவது மாடியில் ஒரு இருமல்," என்றார்.
மூன்றாம் சவாரியில் எனக்கும் கேட்டது.
நாய்க்குட்டியோடு ஏறிய பெண்
எங்கும் இறங்காத எங்கள் இருவரையும்
கதவு மூடும்வரை பார்த்தாள்.

முன்பு இது ஒன்று, ஐந்து, ஒன்பதில்தான் நிற்கும் என்றேன்.
எங்கள் வீடு ஏழில்.
அப்பா அரிசி மூட்டையோடு ஒன்பதுக்குப் போய்
இரண்டு மாடி இறங்கி வருவார்.
ஏறுவதைவிட இறங்குவது மேல்.
எங்கள் குடும்பத்துக்கு இருந்த ஒரே தத்துவம்.

லுவோ சிரித்தார். குறிப்பேட்டை எடுத்து
1, 5, 9 என்று எழுதிக்
கீழே கோடு போட்டார்.

ஏழு மின்தூக்கிகளுக்கு அப்புறம் பசித்தது.
உணவங்காடியில் மேசைக்குக் காவலாகக்
கைத்துடைப்பான் பொட்டலம் வைத்தேன்.
மீன்தலைக் கறியில் ஒரு வாய் எடுத்தவர்
காரம் எப்போது வரும் என்று கேட்டார்.

பிறகு, தேநீர்க் கோப்பையைச் சாய்த்து
மேசைமேல் கொஞ்சம் ஊற்றினார்.
விரலால் இழுத்தார்.
மங்கலாக ஓடுவது யாங்சி.
இந்தப் பக்கம் ஜியாலிங், அது பச்சை.
இரண்டும் முட்டிக்கொள்ளும் மூக்கில்
என் பொட்டலத்தை நகர்த்தி மலை என்றார்.
சாப்பிட்ட குச்சிகள் பாலங்கள்.
ஆற்றுக்கு மேலே கம்பியில் தொங்கிப் போகும் பெட்டிக்கு
ஒரு எலுமிச்சை விதை.

"இங்கே உள்ளே நுழை. தரைத்தளம்.
இருபத்திரண்டு மாடி ஏறு. கதவைத் திற."
திறந்தேன்.
"என்ன தெரிகிறது?"
தெரியவில்லை.
"தெரு. பேருந்து போகிறது பார், ஓரமாக நில்."

ஓரமாக நின்றேன்.
அப்படியானால் தரை எது என்று கேட்டேன்.
கேமரா மாட்டிக்கொண்டு வருகிறவர்கள்
என்னிடம் கேட்கும் அதே குரலில்.
"அது தீயணைப்புக்காரர்களுக்கே குழப்பம்," என்றார்.
பனிமூட்டத்தைக் காட்ட வாயால் ஊதினார்.
பூண்டு வாசம் அடித்தது.
கட்டடத்தின் வயிற்றுக்குள் ரயில் நுழையும் இடத்தில்
அவர் மனைவி எட்டு வருடம்
நூடுல்ஸ் கடை வைத்திருந்தாள். இப்போது இல்லை.
கடையா, மனைவியா?
சுற்றுலாப் பயணி அதைக் கேட்கக்கூடாது.

மேசை துடைக்கும் அம்மா வண்டியைத் தள்ளிக்கொண்டு வந்தார்.
தட்டு, கிண்ணம், பாலங்கள்,
ஈரத்துணியால் ஒரே வழிப்பில் இரண்டு ஆறுகள்.
லுவோ அவசரமாக மலையைத் தூக்கிச்
சட்டைப்பையில் போட்டுக்கொண்டார்.

விடுதி வாசலில் கைகுலுக்கினோம்.
மாண்டரின் எங்கே படித்தாய் என்று
எல்லாரும் கேட்பதை
அவர் கடைசிவரை கேட்கவில்லை.

இரவு படிவத்தை நிரப்பினேன்.
பார்த்த இடங்கள்: தோ பாயோ, ஏழு மின்தூக்கிகள்.
சோங்சிங், அரை மணி நேரம்.

காலையில் அலுவலகத்திலிருந்து ஜெசிந்தா கூப்பிட்டாள்.
சோங்சிங் எழுத்துப்பிழையா?
இல்லை என்றேன்.
போக்குவரத்துச் செலவு உண்டா?
இல்லை,
தேநீர், ஒரு வெள்ளி இருபது காசு,
அதுவும் அவர் கொடுத்துவிட்டார்.