அரைப்பேர்

அப்புத்தளையில் ஒக்டோபர் மழைக்கு
ஆறு வாரம் வந்து தங்கினார் ஏக்கார்ட் வோல்மர்.
நாலாம் அறை. மேசை ஜன்னலோரம் வேண்டுமென்றார்,
இழுத்துப் போட்டேன்.
மூடுபனி பள்ளத்தாக்கைத் தூக்கிக்கொண்டு போயிருந்தது.
வெள்ளையைப் பார்த்தே எழுதினார்.

இருபத்தாறு வருஷம், வெள்ளிக்கிழமை துப்பறியும் தொடர்.
நூற்றுப் பதினோரு பேரைக் கொன்றிருக்கிறேன்
என்றார், முட்டையை உடைத்தபடி.
நாலாம் நிமிஷத்துக்குள் பிணம் விழவேண்டும்;
பிந்தினால் சனம் சேனலை மாற்றிவிடும்.
இளவயதில் சினிமாவுக்கும் எழுதினாராம், இரண்டு.
ஒன்று ஓடவில்லை.
மற்றதில் இயக்குநரின் மைத்துனனும் வந்து ஒட்டிக்கொண்டதில்
தனக்குப் பாதிப் பேர்தான் என்றார்.

அரைப்பேரா? என்றேன் தமிழில், வாய்தவறி.
பிறகு என் கைடு ஜெர்மனில் விளக்கினேன்:
பதினெட்டுக் கிலோ கொழுந்து நிறுத்தால் ஒரு பேர்.
பதினேழரை என்றால் அரைப்பேர், அரைநாள் சம்பளம்.
தண்ணிக்கென்று ஒரு கிலோ, சாக்குக்கென்று ஒரு கிலோ
தராசிலேயே கழியும்.
எங்கள் தயாரிப்பாளர்களிடமும் தராசு உண்டு என்றார்.
நான் சிரிக்கவில்லை.
அந்த அறையின் வாடகை எனக்குத் தெரியும்.

இப்போது எழுதுவது ஞாயிறு இரவுப் படம்.
ஹம்பேர்க்கில் பூக்கடை வைத்திருப்பவளுக்கு
யாரோ மாமா ஒரு தேயிலைத் தோட்டத்தை எழுதிவைக்கிறார்.
டொக்டர் ஒருவர் வருவார்.
முத்தம் எண்பத்தாறாவது நிமிஷம்.
கொழுந்தெடுக்கும் பெண்கள் பன்னிரண்டு,
பன்னிரண்டு பேருக்கும் சேர்த்து ஒரு வசனம்:
மழை வரும் போலிருக்கு.
யார் சொல்வது?
முதலாம் பெண்.
பேர்?
பக்கத்தைப் புரட்டிப் பார்த்தார், எழுதியிருக்கவில்லை.
என் சின்னம்மா பேரைச் சொன்னேன்.
அங்கம்மாள், என்று எழுத்துக்கூட்டி
ஓரத்தில் பென்சிலால் குறித்தார்.

மாசியில் படப்பிடிப்புக்காரர் வந்தார்கள், அவர் வரவில்லை.
எழுதியவனுக்கு டிக்கட் போடமாட்டார்களாம்.
முதலாம் பெண்ணாகச் சின்னம்மாவையே நிற்கவைத்தேன்.
ஆறு தடவை சொல்லவிட்டார்கள், இரண்டாயிரம் ரூபா,
அன்றைக்கு மலையில் பேர் இல்லை.

அடுத்த வருஷம் படம் என் போனுக்கு வந்தது.
கையகலத் திரைக்குப் பதினேழு தலை.
சின்னம்மா கூடையோடு திரும்புகிறார்,
வாய் அசைகிறது,
யாரோ ஒரு மியூனிக்காரியின் குரல்
மழை வருமென்று ஜெர்மனில் சொல்கிறது.
திருப்பிப் போடு என்றாள் அடுத்த காம்பரா செபமாலை.
மூன்றாம் தடவை சத்தத்தை நிறுத்திவிட்டு
வாயை மட்டும் பார்த்தோம்.
ரெண்டு கிலோ
எங்கய்யா
போச்சு?

ஐயையோ என்றாள் செபமாலை.
ரொட்டி கருகுது என்று சின்னம்மா எழுந்து போனார்.

அவருக்கு எழுதினேன், உள்ளதை உள்ளபடி.
ஒன்பது நாள் பதில் இல்லை. கோபம் என்று நினைத்தேன்.
வந்தபோது ஒரே வரி:
அந்த இரண்டு கிலோவை எடுத்தது யார்?

நூற்றுப் பதினோரு கொலை எழுதிய மனுஷன்
என்னிடம் கேட்கிறார்.