கோச்சி போகட்டும்

வெள்ளவத்தையில் எங்கள் கூடத்துக்கும் கடலுக்கும் நடுவில்
தண்டவாளம் மட்டும்தான்.
பாணந்துறைக் கோச்சி வந்தால்
எந்த வசனமும் பாதியில் நிற்கும்.
நாற்பது செக்கன்.
யன்னல் அதிரும், தேத்தண்ணி கோப்பைக்குள் வட்டம் போடும்.
"கோச்சி போகட்டும்" என்பேன்.
அந்த நாற்பது செக்கனுக்குள்தான்
பதினொரு வருஷம் ஆள் எடுத்தேன்.

ஒருவருக்கும் சொன்னதில்லை.
அழச் சொன்னால் எல்லாரும் அழுவார்கள்;
இந்த ஊரில் அழத் தெரியாத ஆள் ஆர்?
கோச்சி போகும்வரை என்ன செய்கிறார்கள்,
அதைத்தான் பார்த்தேன்.
ஒருவன் தலைமயிரைச் சரிசெய்தான். வேண்டாம்.
ஒருத்தி வசனத்தை வாய்க்குள் மென்றாள். பார்க்கலாம்.
ஜிந்துப்பிட்டியிலிருந்து வந்த யோகசோதி
உதடு அசையப் பெட்டிகளை எண்ணினாள்.
எட்டு என்றாள், நான் கேட்காமலே.
சி.ஆர். கொப்பியில் அவள் பெயரை எழுதினேன்.

என்ன வேஷத்துக்கு என்று கேட்டால்
என்னுடைய முதல் வேஷத்துக்குப் போகவேண்டும்.

தொண்ணூற்று மூன்று. சிங்களத் தொலைக்காட்சி நாடகம்.
எனக்குப் பெயரில்லை, பொட்டு இருந்தது.
ஒப்பனைக்காரன் தள்ளி நின்று பார்த்து
இன்னும் கொஞ்சம் பெரிசாக்கினான்.
கொட்டாஞ்சேனையில் வளர்ந்த என் சிங்களம்
நல்லதாயிருந்தது பிழையாம்.
உடைத்துப் பேசுங்கோ அக்கே, என்றார்கள்.
பகல் முழுக்கக் காசுக்கு உடைத்தேன்.
இரவு, சோதனைச் சாவடியில்,
முகத்தில் ரோச் லைற் விழ விழ
ஓரெழுத்தும் பிசகாமல் ஒட்டிக் கொடுத்தேன்.
இதில் எது நடிப்பென்று
சம்பளச் சீட்டைப் பார்த்துத்தான் சொல்லமுடியும்.

பிறகு நடிக்கக் கூப்பிடவில்லை,
ஆள் பிடித்துத் தரக் கூப்பிட்டார்கள்.
தலைக்கு முந்நூற்றைம்பது.
அதே பொட்டுக்கு நெற்றி தேடி
நானே கொண்டுபோய் விட்டேன்.

மூன்றாம் நாள் யோகசோதி
உடைக்கமாட்டேன் என்றாள்.
அதையும் நல்ல சிங்களத்தில்,
கமராக்காரன் தலையாட்டும்படி.
அவர்கள் தந்த சேலையை மடித்து வைத்துவிட்டு
நூறாம் நம்பர் பஸ்ஸில் ஏறிப் போனாள்.
எனக்கு அவளில் கோபம்.
முந்நூற்றைம்பதைத் திருப்பிக் கொடுக்கவேண்டி வந்ததே.
கோபம் இன்னும் இருக்கிறது,
ஆரில் என்பதுதான் மாறிவிட்டது.

இப்போது சனி ஞாயிறு நடிப்பு வகுப்பு. ஒன்பது பேர்.
வங்கியில் வேலை செய்யும் றிஸ்மினா,
பல் வைத்தியப் படிப்பைப் பாதியில் விட்ட அபிநந்தன்,
ஏன் வருகிறாள் என்று தனக்கே தெரியாத ஒருத்தி.
"மிஸ், வகுப்பு எப்ப தொடங்கும்?"
நாலரைக் கோச்சியோடு தொடங்கி
அதோடேயே முடிந்துவிட்டது என்றேன்.
சிரித்தார்கள்.
நான் பகிடி விடவில்லை.

போன கிழமை நிலூகா என்றொரு புது இயக்குநர்.
நீதிபதி வேஷமாம். பெயர் உண்டு.
பொட்டைப் பற்றிப் பேச்சே இல்லை.
போனில் எடுத்து அனுப்புங்கோ என்றாள்.
நேரே பார்க்கமாட்டாளா என்றிருந்தது, கேட்கவில்லை.
சோடாப் போத்தலில் போனைச் சாய்த்து வைத்து
தீர்ப்பு வாசித்தேன்.
மூன்றாம் வரியில் கோச்சி.

போட்டுப் பார்த்தேன்.
தீர்ப்பு பரவாயில்லை, குரல்தான் கொஞ்சம் கூட.
பிறகு அதிர்வு. நீதிபதி வாயை மூடுகிறாள்.
அவளுடைய வலது கை
மடியில் இல்லாத கைப்பையைத் திறந்து
அடையாள அட்டையைத் தேடுகிறது.
இரண்டு தரம் தேடுகிறது.
நான் செய்ததாக எனக்கு நினைவில்லை.

றிஸ்மினாவிடம் கொடுத்தால்
ஒரு நிமிஷத்தில் வெட்டித் தருவாள்.
வெட்டாமல் அனுப்பினேன்.

நாலு நாளாய்ப் பதிலில்லை.
நேற்றுப் பின்னேரம் யன்னலடியில் நின்று
முதல்முறையாக எண்ணிப் பார்த்தேன்.
யோகசோதி,
இப்போது பத்துப் பெட்டி.