தூசியும் பந்தும்

தகரப் பெட்டியைத் திறந்ததும் காடி வாடை.
தோம்லூர், மூன்றாவது மாடி, ஏசிக்கு நேர் கீழே
ஒன்பது நிமிடப் படம்.
ஹை கிரவுண்ட்ஸ் மேட்டில் ஒரு காட்சி ஆட்டம்.
பூவேலை போட்ட பெயரட்டையில்
ஆர்ச்சி மக்ரே,
பந்தடித்தே பிழைக்கிறவன்.
கேமரா எங்கே நிற்கிறதென்று தெரிந்து
அந்தப் பக்கம் தொப்பியைத் தூக்குகிறான்.

கையால் சுழற்றி எடுத்தது.
எல்லாரும் ஓடுகிறார்கள்,
துரைமார், குடைகள், ஒரு நாய்.
மக்ரே மட்டையை வீசும்போது மட்டும்
காலம் நிதானமாக நடக்கிறது.
சுழற்றியவன் அங்கே கையை முடுக்கியிருக்கிறான்,
அவனும் ரசிகன்தான் போல.

மென்பொருள் ராத்திரி முழுக்கத் துடைத்தது.
கீறல் போயிற்று, பூஞ்சை போயிற்று,
வெள்ளைப் புள்ளியெல்லாம் போயிற்று.
காலையில் பார்த்தால்
பந்தும் போயிருந்தது.
வெறுங்காற்றை அடித்துவிட்டு
பெருமையாக நிமிர்கிறான் மக்ரே.

ஜெசிந்தா சிரித்தாள்.
'யார் கவனிக்கப் போறா?
கிளப் விருந்து, தொண்ணூறு விநாடி,
சூப்புக்கும் மீனுக்கும் நடுவில.'

துடைக்காத பிரதிக்குத் திரும்பினேன்.
ஃபிரேமுக்கு நாற்பது புள்ளி.
எது தூசி, எது பந்து?

அப்போதுதான் இடது ஓரத்தில் அவன்.
தோளில் பை, காலில் ஒன்றுமில்லை,
பெயரட்டையும் இல்லை.
அத்தனை பேரும் மக்ரேயைப் பார்க்க
அவன் மட்டும் வானத்தைப் பார்க்கிறான்.
பந்து தொலைந்தால் கூலியில் பிடிப்பார்கள்,
வேறென்ன.

அவன் மோவாயிலிருந்து ஒரு கோடு இழுத்தேன்.
கோட்டின் மேல் ஒரே ஒரு புள்ளி நகர்ந்தது.
அவன் தலை சாயச் சாய அதுவும் சாய்ந்தது.
இரண்டாயிரத்து இருநூற்றுப் பதினான்காம் ஃபிரேமிலிருந்து
எழுபத்தேழு ஃபிரேம்.
ஒவ்வொன்றாக வைத்தேன் பந்தை,
எண்ணெய் தெளித்த மணலில் அது உருண்டு
குழிக்குள் விழும்வரை.
மூன்று நாள். கண்ணில் மிளகாய்.

கடைசிச் சுருளில் கைதட்டல், சத்தமில்லாமல்.
துரைமார் முன்படி ஏறுகிறார்கள்.
வென்றவன் ஏறவில்லை.
தொழில்காரனுக்குப் பின்வாசல்.
கட்டடத்தைச் சுற்றிப் போகிறான்,
பின்னால் பையோடு அவன்.
ஒரு மரம் இருவரையும் மறைக்கிறது.

வெள்ளிக்கிழமை கிளப்பிலிருந்து பதில்:
பிரமாதம்.
இடது ஓரத்து ஆள் மட்டும் கண்ணை உறுத்துகிறான்,
கொஞ்சம் வெட்டிவிட முடியுமா.

வாடகைக்கு இரண்டு நாள் இருந்தது.
வெட்டினேன்.

பந்து சரியாகத்தான் பறக்கிறது.
எங்கே போகிறதென்று பார்க்க
படத்துக்குள் இப்போது ஆளில்லை.