நெருங்கிய உறவில் யாருக்காவது

நள்ளிரவுக்குப் பிறகு
பச்சைத் தண்ணீர் பல்லில் படக்கூடாது என்றார்கள்.
படவில்லை.
ஜன்னலுக்கு வெளியே காஸ்த்ரோ நகரம் முழுக்க
தண்ணீராய்க் கொட்டிக்கொண்டிருந்தது.

பெயர்?
எடெல்மிரா பார்ரியா.
எதற்கு வந்திருக்கிறீர்கள்?
பித்தப்பையில் கல். நான்கு. ஒன்று கொண்டைக்கடலை அளவு.
வாசலில் கேட்டார்கள், ரத்தம் எடுக்கும்போது கேட்டார்கள்,
தள்ளுவண்டி தள்ளுகிற பையனும் கேட்டான்.
இருபத்தாறு வருடம் சக்காவ் கால்வாய்ப் படகில்
டிக்கெட் பார்க்கிறவள் நான்.
ஏற்கெனவே காட்டியாயிற்று என்று முறைப்பவர்களிடம்
இன்னொரு முறை காட்டுங்கள் என்றே சொல்லி வருபவள்.
காட்டினேன்.

நகச்சாயத்தை அழிக்கணும், என்றாள் நர்ஸ் யெசேனியா.
விரல்நுனியில் மாட்டும் கருவி
சிவப்பைப் பார்த்தால் குழம்புமாம்.
நேற்றுத்தான் போட்டேன், காசு கொடுத்து.
பேரம் பேசி ஒரு விரலில் முடித்தோம்.
வலது ஆட்காட்டி விரல்.
பஞ்சோடு போயிற்று.

பிறகு மயக்க மருந்து டாக்டர் வந்தார், ஒயர்சூன்,
என் மகன் வயதுதான் இருக்கும்.
ஆடுகிற பல் உண்டா?
நண்டு தின்றால் தடிக்குமா?
மாடி ஏறினால் மூச்சு வாங்குமா?
படகில் மூன்று தளம், நாளைக்கு நாற்பது தடவை என்றேன்.
சிரித்தார்.
நெருங்கிய உறவில் யாருக்காவது
மயக்க மருந்தால் ஏதாவது ஆனதுண்டா?
இல்லை
என்றது வாய். வாய்க்கு அது பழக்கம்.
அவர் கட்டத்தில் கோடிட்டு, தாளைப் புரட்டி,
அடுத்த கேள்விக்குப் போன பிறகுதான்
தம்பி ஒருத்தன், என்றேன்.

அப்தோன். ஒன்பது வயது.
தொண்டைச் சதையை எடுக்க
புவேர்ட்டோ மொன்ட்டுக்குக் கூட்டிப்போனார்கள்.
மதியத்துக்குள் முடிந்துவிட்டான்.
காய்ச்சல் என்றார்கள்.
அந்தக் காய்ச்சலுக்கு மேல்
எங்கள் வீட்டில் ஒரு சொல் கிடையாது.
ஒரே ஒரு தடவை, மீன் கழுவிக்கொண்டே,
மீனிடம் சொல்வதுபோல அம்மா சொன்னாள்:
பிள்ளை அடுப்பாய்க் கொதித்தான்.
தாடை பூட்டிக்கொண்டது, திறக்கவே முடியவில்லையாம்.

தாடையா?
பேனாவைக் கீழே வைத்தார்.
இன்னொரு முறை சொல்லுங்கள்.

சில குடும்பங்களில் வருமாம்.
நடக்கலாம், ஓடலாம், பாரம் தூக்கலாம்,
குறிப்பிட்ட ஒரு வாயுவை மூக்கு இழுக்கும்வரை
தசைக்கே தெரியாதாம் தான் யாரென்று.
உங்களுக்கு இருக்கலாம். இல்லாமலும் இருக்கலாம்.
இன்றைக்கு வேண்டாம்.
இயந்திரத்தைக் கழுவி, வாயுவை விட்டு, வேறு மருந்தில்,
முறிமருந்தைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு
வியாழக்கிழமை செய்யலாம்.
கோடிட்ட கட்டத்தை அடித்து
ஆம் என்று எழுதினார்.

எழுந்து போனவரை
டாக்டர், என்று கூப்பிட்டேன்.
அன்று காலை அம்மா அவனுக்கு
ஒளித்து ஒரு துண்டு ரொட்டி கொடுத்திருக்கிறாள்.
அழுதானாம், பசிக்கிறதென்று.
அந்த ரொட்டிதான் என்று நினைத்தே
முப்பது வருடம் இருந்து, செத்தும் போனாள்.

அவர் கதவைப் பிடித்தபடி நின்றார்.
ரொட்டியால் வேறு ஆபத்து உண்டு, என்றார்,
பொய் சொல்லத் தெரியாத பையன்.
ஆனால் ரொட்டி தின்று
யாரும் அப்படிக் கொதிப்பதில்லை.

இப்போ நீங்க சாப்பிடலாம், என்றாள் யெசேனியா.
தட்டில் ரொட்டி, வெண்ணெய், ஆறிய தேநீர்.
சாப்பிட்டேன்.
பசி.

புதன்கிழமை வேலைக்குப் போனேன்.
ஒன்பது சிவப்பு நகம், ஒன்று வெறுமை.
இரண்டு லாரிகளுக்கு நடுவே நின்று
அங்குத், கெய்லென், அக்கரையில் பார்குவா என்று
சித்தப்பா பிள்ளைகளுக்கெல்லாம் போன் போட்டேன்.
உங்கள் குழந்தைகளிடம் சொல்லுங்கள்,
எழுதி வைத்துக்கொள்ளுங்கள்.
கெய்லெனில் இருப்பவள் அவனுக்குப் பிறகு பிறந்தவள்.
யார் அது, பெயர் என்ன சொன்னாய்? என்றாள்.
சொன்னேன்.
படகு சங்கு ஊதிவிட்டது, கேட்கவில்லை என்றாள்.
இன்னொரு முறை சொன்னேன்.